எட்டாம் நாள் திரும்பி வந்த பொன்மணியின் குரல்

நான் மூன்றாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்கு முழுக்குப் போட்டவன். அதைச் சொல்ல எனக்கு வெட்கம் கிடையாது. வாடகை சைக்கிளில் இரண்டு குழாய் ஸ்பீக்கரைக் கட்டிக்கொண்டு ஊர் ஊராக அலைந்தவன், இன்றைக்கு ராஜபாளையத்தில் சொந்தக் கடை, சொந்த வேன், சொந்த ஜெனரேட்டர் என்று உட்கார்ந்திருக்கிறேன். பால்பாண்டி சவுண்ட் சர்வீஸ் எங்கே என்று பழைய பஸ் ஸ்டாண்டில் யாரைக் கேட்டாலும் கை காட்டுவார்கள். என் கதையை எழுதினால் அதுவே ஒரு புத்தகம் வரும். ஆனால் இது என் கதை இல்லை. என் செட்டில் மைக் பிடிக்கும் பொன்மணியின் கதை. அவளை மைக் முன்னால் கொண்டு வந்து நிறுத்தியவன் நான் என்பதால் இடையிடையே நானும் வருவேன். பொறுத்துக்கொள்ள வேண்டும்.

பொன்மணிக்குப் பிறந்த ஊர் சுந்தரபாண்டியம். இளவயதிலேயே ராஜபாளையத்தில் ஒரு நூற்பு மில்லில் வேலைக்குச் சேர்ந்துவிட்டாள். மில்லுக்குள் போய்ப் பார்த்தவர்களுக்குத் தெரியும், அங்கே மிஷின் போடும் இரைச்சலில் பக்கத்தில் நிற்பவள் பேசுவது கேட்காது. மற்ற பெண்களெல்லாம் கை ஜாடையிலும் வாய் அசைவிலுமே பேசிக்கொள்வார்கள். பொன்மணிக்கு அந்தப் பொறுமை இல்லை. மிஷினை மீறிக் கத்தினாள். வருஷக்கணக்கில் அப்படிக் கத்திக் கத்தி, ஒரு குரல் வந்தது பாருங்கள்! வெண்கலம் மாதிரி. கத்தினால் கூடக் கரகரப்பு இருக்காது.

அந்தக் குரலை நான் கண்டுபிடித்தது மில் கேட்டுக்கு எதிரே. ஷிப்ட் முடிந்து வந்தவளை விட்டுவிட்டு டவுன் பஸ் கிளம்பிவிட்டது. வளைவு திரும்பி, கண்ணுக்கே தெரியவில்லை. இவள் நின்ற இடத்திலிருந்தே, "ஏ டிரைவரண்ணே... நிறுத்துங்க!" என்று ஒரு குரல் கொடுத்தாள். டீக்கடையில் நின்ற எனக்கு டம்ளர் நடுங்கியது. செத்த நேரத்தில் பஸ் பின்பக்கமாகவே உருண்டு வந்து நின்றது. டிரைவர் இறங்கி, "யாருக்கு என்னம்மா ஆச்சு?" என்று பதறுகிறான்.

நான் நேரே அவளிடம் போனேன். "தாயி, இந்தக் குரலை வச்சுக்கிட்டு நூலா நூத்துக்கிட்டு இருக்க?"

"குரலைப் பொங்கியா அண்ணாச்சி திங்க முடியும்?"

"முடியும். ஞாயித்துக்கிழமை என் செட்டுக்கு வந்து மைக்கப் பிடி."

"எங்க வீட்டுக்காரர்ட்ட கேட்டுச் சொல்லுதேன்."

"இங்கன நின்னே கேளு. அவருக்குக் கேக்கும்."

சிரித்துவிட்டாள். அடுத்த ஞாயிறு வந்துவிட்டாள். அவள் வீட்டுக்காரர் ரத்தினம் லோடு ஆட்டோ ஓட்டுகிறவர். வாயைத் திறந்து நாலு வார்த்தை பேசமாட்டார். வீட்டில் பேசும்போது பொன்மணியும் மெதுவாகத்தான் பேசுவாள். "அவிய காதுக்கு அது போதும்" என்பாள்.

எங்கள் பக்கம் காதணி விழா என்றால் தாய்மாமன்தான் நாயகம். அவர் சீர் தூக்கிக்கொண்டு, மேளம், வெடியோடு வந்து, பந்தலுக்குள் நுழையாமல் பாதை முனையிலேயே நிற்பார். மைக்கில் அவர் பெயரை ஊர், பட்டத்தோடு வாசிக்க வேண்டும். அதைக் கேட்ட பிறகுதான் வீட்டுக்காரர்கள் எதிரே போய் அழைத்து வருவார்கள். இரண்டு மூன்று மாமன் இருந்தால் மூத்தவர் பெயர் முதலில் வர வேண்டும். இதில் ஒரு இம்மி பிசகினால் போதும், அண்ணன் தங்கை உறவே அறுந்துபோகும். சாப்பாட்டில் உப்பு இல்லாவிட்டால்கூட மன்னிப்பார்கள். இதை மன்னிக்க மாட்டார்கள். பொன்மணி அதனால் காலையிலேயே வீட்டம்மாவிடம் உட்கார்ந்து, யார் மூத்தவர், யார் இளையவர் என்று கேட்டு, தாளில் எழுதி, திருப்பி வாசித்துக் காட்டிவிடுவாள். இத்தனை வருஷத்தில் அவள் பிசகியதே இல்லை. அதற்காகவே கூமாப்பட்டியிலிருந்து ஸ்ரீவில்லிபுத்தூர் வரை, "செட்டு பால்பாண்டி அண்ணாச்சி, மைக்கு பொன்மணி" என்று கேட்டு வாங்குவார்கள். இரண்டும் சேர்ந்தால்தான் விழா. நான் பெருமைக்குச் சொல்லவில்லை, கேட்டுப் பாருங்கள்.

இனி பாறைக்கு வருகிறேன். அய்யனார் கோவிலுக்குப் போகும் ரோட்டிலிருந்து பிரிந்து மலையடிக்குப் போனால் ஒரு குலசாமி கோயிலும் திடலும் உண்டு. பல குடும்பத்துக்கும் பொது. காதுகுத்து, கிடாவெட்டு எல்லாம் அங்கேதான் நடக்கும். கோயிலுக்குப் பின்னால் ஒரு பெரிய பாறை. நடுவில் பிளவு. ஆள் நுழைய முடியாது, கை நுழையும். உள்ளே டார்ச் அடித்தால் வெளிச்சம் முடிவைத் தொடாது.

போன வருஷம் அங்கே ஒரு விழாவில் சமையல் பாதிகூட முடியவில்லை. திடீரென்று, "பந்தி தயார், எல்லாரும் சாப்பிட வாங்க" என்று பொன்மணியின் குரல் முழங்குகிறது. ஜனம் ஓடிப் போய் உட்கார்ந்து இலையில் தண்ணீர் தெளித்துவிட்டது. சமையல்காரர் கரண்டியோடு என்னிடம் வந்து நிற்கிறார். பொன்மணியோ என் பக்கத்தில் உட்கார்ந்து முறுக்குக் கடித்துக்கொண்டிருக்கிறாள்.

"நான் வாயே தொறக்கல அண்ணாச்சி."

ஆம்ப்ளிபயரை அணைத்தேன். அப்போதும் குரல் வருகிறது. பாறைப் பக்கம் திரும்பினேன். அங்கிருந்துதான் வருகிறது! முந்தின ஞாயிறு, அதே திடலில், வேறு விழாவில் அவள் சொன்ன அதே வார்த்தைகள். அதே நேரத்துக்கு, எட்டாம் நாள்.

எல்லோரும் சாமி என்று கும்பிட்டார்கள். எனக்கு மட்டும் சந்தேகம். அடுத்த வாரம் தனியாகப் போய் ஒரு குழாயைப் பாறைக்கு நேரே திருப்பி வைத்து, "பால்பாண்டி, பால்பாண்டி" என்று சொல்லிவிட்டு வந்தேன். எட்டாம் நாள் அதே நேரத்துக்குப் போனேன். பாறை என் பெயரைச் சொன்னது. என் பேரைச் சொல்லாத இடம் இந்தத் தாலுகாவில் பாக்கி இருந்தது அது ஒன்றுதான்.

விஷயம் பரவி, ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து நஸீபா டீச்சர் வந்தார். கல்லூரியில் இயற்பியல் சொல்லிக்கொடுப்பவர். பெட்டி பெட்டியாகக் கருவிகள் வைத்து மாசக்கணக்கில் அளந்தார். ஒருநாள் எனக்கு விளக்கினார்.

"அண்ணாச்சி, அந்தப் பிளவுக்குள்ள சத்தத்துக்கு மட்டும் நேரம் மெதுவா நடக்குது. நமக்கு ஒரு வாரம் போயிருது. உள்ள போன சத்தத்துக்கு அது ஒரு நொடி மாதிரிதான். அது பாட்டுக்கு உள்ள முட்டித் திரும்பி வருது."

"கண்மாயில தண்ணியத் தேக்கி மடையத் திறக்க மாதிரியா டீச்சர்?"

"அதே மாதிரிதான். ஒரு தடவ வெளிய வந்துட்டா அவ்வளவுதான். மறுபடி உள்ள போற அளவுக்கு அதுல வலு இருக்காது."

அவர் அதற்கு இங்கிலீஷில் நீளமாக ஏதோ பெயர் வைத்திருந்தார். 'ஒலித்தேக்கம்' என்று பெயர் வைத்தவன் நான். அவரும் அதையே எழுதிக்கொண்டார். அதன் பிறகு அங்கே செட்டுப் போட்டால் குழாயைப் பாறைக்கு முதுகு காட்டித்தான் கட்டுவேன். இல்லாவிட்டால் அடுத்த வாரத்து விழாக்காரர்களுக்குத் தொல்லை.

இந்த வருஷம் மாரிக்கனி என்கிற பெண், தன் மகளின் காதணி விழாவை ஒரு ஞாயிற்றுக்கிழமை அந்தத் திடலில் வைத்தாள். அவளுக்கு இரண்டு அண்ணன்மார். மூத்தவர் கூமாப்பட்டி சோலைராஜ். தென்னந்தோப்பு, மாந்தோப்பு என்று வசதியான ஆள். இளையவர் வினோத், ஸ்ரீவில்லிபுத்தூரில் பால்கோவாக் கடை. சோலைராஜ் நல்ல மனுஷன்தான். பட்டம் என்றால் மட்டும் உயிர். பொன்மணியின் தாளில் அவர் பெயருக்கு முன்னால் நாலு வரி இருந்தது.

காலையிலேயே திடலைப் பார்க்க வந்தவர், "பாதை முனையில நிக்க எனக்கு எம் பேரு கேக்கணும்லே. ஒரு குழாய இந்தப் பக்கம் திருப்புங்க" என்று என் ஆட்களை விரட்டி, அவரே நின்று ஒன்றைத் திருப்ப வைத்திருக்கிறார். நான் ஜெனரேட்டர் பக்கம் இருந்தேன். அவர் காட்டிய திக்கில் பாதை கொஞ்சம் தள்ளி இருந்தது. பாறைதான் நேரே இருந்தது.

நல்ல நேரம் வந்தது. பாதை முனையில் இரண்டு மாமன்மாரும் சீரோடு நிற்கிறார்கள். பொன்மணி வாசித்தாள். மூத்தவர் பெயரை முதலில், பிறகு இளையவர் பெயரை. நான் பக்கத்தில் நின்று கேட்டேன். ஆனால் சீர் சபைக்கு வந்து சேர்ந்தபோது சோலைராஜ் முகம் கருத்திருந்தது.

"மாரிக்கனி! எம் பேரு எங்கட்டி? மொதப் பேரே வினோத்துன்னு வருது. மூத்தவன் நான் செத்தா போனேன்?"

"அண்ணே, ஒங்க பேரத்தான் மொதல்ல வாசிச்சாவ. நான் கேட்டேன்."

"நீ தங்கச்சியா, அவளுக்கு வக்கீலா? எங்கூட நின்ன அம்புட்டுப் பேரு காதும் பொய்யா?"

அவர் கூட நின்றவர்கள் எல்லோரும் வினோத் பெயரைத்தான் முதலில் கேட்டோம் என்றார்கள். பந்தலில் இருந்தவர்களைக் கேட்டால் ஒருவன் மூத்தவர் பெயர்தான் முதலில் என்கிறான், ஒருவன் கவனிக்கவில்லை என்கிறான். மைக்கில் சொல்வதை எவன் கவனித்துக் கேட்கிறான்? வீடியோக்காரரைப் பிடித்தால், "நாங்க எப்பவும் சத்தத்த எடுத்துட்டு சினிமாப் பாட்டுப் போட்டுருவோம்ணே" என்கிறார். என் பேச்சை யாரும் சாட்சியாகவே எடுக்கவில்லை. செட்டுக்காரன் மைக்குக்காரிக்குத்தானே பேசுவான்!

சோலைராஜ் சீரை வைத்துவிட்டுச் சாப்பிடாமல் கிளம்பினார். அதோடு விட்டாரா? போன் மேல் போன். "பால்பாண்டி செட்டு நல்ல செட்டு. அந்தப் பொம்பளைய மட்டும் வைக்காதீங்க. மூத்தவன் இளையவன் தெரியாத பொம்பளை" என்று ஊர் ஊராகச் சொல்லிவிட்டார். அந்த வாரத்திலேயே என் கடைக்கு போன் வர ஆரம்பித்தது. செட்டு வேணும், மைக்குக்கு ஆள் வேணாம். பொன்மணியின் சொந்த ஊரான சுந்தரபாண்டியத்திலிருந்து வெள்ளத்தாய் என்கிற அம்மாவும் அதையே சொன்னது. ஒரு மாசம் முன்னாலேயே பொன்மணிதான் வேண்டும் என்று சொல்லி வைத்திருந்த அம்மா அது.

பொன்மணி இதற்குள் மில் வேலையை விட்டிருந்தாள். மைக்தான் பிழைப்பு. அதைவிட, பிசகாதவள் என்ற பெயர்தான் அவளுக்குப் பெரிது.

குழாய் திரும்பியிருந்த விஷயம் எனக்கு அப்போதுதான் என் ஆட்கள் மூலமாகத் தெரிந்தது. துள்ளிக்கொண்டு அவள் வீட்டுக்குப் போனேன்.

"பொன்மணி, கவலைய விடு! ஞாயித்துக்கிழமை பாறையே சாட்சி சொல்லும். அம்புட்டுப் பேரையும் கூட்டிட்டுப் போயி நிறுத்துதேன்."

அவள் முகம் மலரவில்லை. "வேண்டாம் அண்ணாச்சி."

"ஏன், மாத்தி வாசிச்சியா?"

"தாளப் பாத்து வாசிச்சேன். மாறல." மெதுவாகச் சொன்னாள், வீட்டுக்குள் பேசும் குரலில். "பேரு வாசிச்ச பொறவு ஒண்ணு சொன்னேன். மைக்கு வாய்ட்டதான் இருந்துச்சு. அன்னைக்கு இருந்த மேளச் சத்தத்துல யாரு காதுலயும் விழல. பாறை அதையும் சேத்துல்ல சொல்லும்?"

"என்ன சொன்ன?"

சொன்னாள். நான் சிரித்துவிட்டு, உடனே சிரிப்பை நிறுத்திவிட்டேன். அது சோலைராஜ் காதில் விழுந்தால் இருக்கிற பிழைப்பும் போகும்.

ரத்தினம் கட்டிலில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தார். "நெசம் வேணும்னா முழுசாத்தான் வரும்" என்றார். அவர் வாயிலிருந்து அத்தனை வார்த்தைகள் ஒரே நேரத்தில் வந்து நான் கேட்டதில்லை.

பொன்மணி அவரைத் திரும்பிப் பார்த்தாள். "சொன்னது சொன்னதுதான். கூட்டுங்க அண்ணாச்சி."

ஞாயிற்றுக்கிழமை. திடலில் அன்று விழா எதுவும் இல்லை. மாரிக்கனி குடும்பம், வினோத், சோலைராஜ், அவர் மனைவி பாண்டிசெல்வி, அவர்களோடு சீர் தூக்கி வந்த ஜனம் எல்லோரையும் சேர்த்துவிட்டேன். நான் கூப்பிட்டால் வராமல் இருப்பார்களா? சோலைராஜ் மட்டும், "பாறை என்ன கோர்ட்டா?" என்று சொல்லிக்கொண்டே வந்தார். நஸீபா டீச்சர் பாறை வாயில் தன் பதிவுக் கருவியை வைத்தார். அவருக்கு வாராவாரம் ஒரு சோதனைச் சத்தம் உள்ளே அனுப்ப வேண்டும் என்பதால் நான் ஒரு குழாயும் மைக்கும் கொண்டுவந்து பாறைக்கு நேரே கட்டியிருந்தேன்.

"வரும்னு உறுதியாச் சொல்ல முடியாது" என்றார் டீச்சர். "குழாய் கொஞ்சம் விலகியிருந்தாலும் பாதிதான் வரும்."

பொன்மணி சேலை முந்தானையை விரலில் சுற்றிச் சுற்றி அவிழ்த்தாள்.

முதலில் ஒரு கொட்டுச் சத்தம், தூரத்தில் கேட்பது மாதிரி. பிறகு மேளம். அப்புறம் பட படவென்று வெடிச்சத்தம். அதற்கு மேலே, கணீரென்று, பொன்மணியின் குரல்:

"கூமாப்பட்டி தோப்பு உரிமையாளர், முன்னாள் வார்டு உறுப்பினர், தென்னை விவசாயிகள் நலச்சங்கத் துணைத்தலைவர், மூத்த தாய்மாமன், உயர்திரு சோலைராஜ் அவர்களை வருக வருக என்று அழைக்கிறோம்!"

வெடிச்சத்தம் இன்னும் ஓயவில்லை. வினோத் பாறையைக் காட்டிச் சொன்னார்:

"அண்ணே, அது நீங்க சிவகாசியில சொல்லி வச்சு வாங்கின சரவெடிதான? உங்க காதுகிட்டதான கொளுத்துனாங்க? நானும் பக்கத்துலதான நின்னேன். எனக்கும் ஒண்ணும் கேக்கல."

சோலைராஜ் வாய் திறக்கும் முன்னால் பாறை அடுத்ததைச் சொன்னது. பெருமூச்சோடு, பக்கத்து ஆளிடம் சொல்வது மாதிரி, பொன்மணியின் குரல்:

"யப்பா! இந்த மனுசனுக்குப் பேரவிட வாலு எம்புட்டு நீளம்!"

வெடி ஓய்ந்தது. பாறையிலிருந்து வினோத் பெயர் கேட்டது. அதைக் கேட்க அங்கே யாருக்கும் தெம்பு இல்லை. எல்லோர் கண்ணும் சோலைராஜ் மேல். பொன்மணி தலையைக் குனியவில்லை.

முதலில் சிரித்தது பாண்டிசெல்விதான். முந்தானையை வாயில் பொத்திப் பார்த்தது, அடங்கவில்லை. "கல்யாணம் ஆன நாள்ல இருந்து நான் சொல்லுதேன், கேட்டியளா? இன்னைக்குப் பாறையே சொல்லிட்டு!"

சோலைராஜ் மனைவியை முறைத்தார், தம்பியை முறைத்தார், பாறையை முறைத்தார். மாரிக்கனி ஓடிப் போய் அவர் கையைப் பிடித்தாள். "அண்ணே, ஒங்க பேருதான மொதல்ல வந்துச்சு?"

"வந்துச்சு" என்றார். மீசை ஓரம் லேசாக ஆடியது. "வாலும் வந்துச்சு."

பொன்மணி முன்னால் வந்தாள். "அண்ணாச்சி, அந்த வார்த்தை நான் சொன்னதுதான். தப்பு. மன்னிச்சிருங்க. ஆனா பேர மாத்தி வாசிச்சேன்னு நீங்க சொன்னது?"

"அதுவும் தப்புதான் தாயி."

"இங்கன சொன்னாப் போதுமா? ஊரு ஊராச் சொன்னியளே."

"அம்புட்டுப் பேருக்கும் திருப்பி போன் போடவா சொல்லுத?"

பொன்மணி பாறைக்கு நேரே கட்டியிருந்த குழாயைப் பார்த்தாள். அடுத்த ஞாயிறு அதே திடலில், அதே நேரத்தில் சுந்தரபாண்டியத்து வெள்ளத்தாய் வீட்டு விழா. சுற்று வட்டார ஜனம் அம்புட்டும் வரும். சோலைராஜுக்கும் அது தெரியும். அவருக்கும் பத்திரிகை வந்திருந்தது. நான் மைக்கை எடுத்து நீட்டினேன். என் மைக் அது. ஊசி விழுந்தாலும் எடுக்கும்.

அவர் தொண்டையைச் செருமிக்கொண்டு தொடங்கினார். "நான் கூமாப்பட்டி தோப்பு உரிமையாளர், முன்னாள் வார்டு..."

"வால வெட்டுங்க! வால வெட்டுங்க!" என்று பாண்டிசெல்வி கத்தியது. ஜனம் கொல்லென்று சிரித்தது. சோலைராஜும் சிரித்துவிட்டார். சிரித்துக்கொண்டே சொல்லி முடித்தார். நஸீபா டீச்சர், "எனக்கு இந்த வாரச் சோதனைச் சத்தம் இதுவே போதும்" என்று கருவியை மூடினார்.

அடுத்த ஞாயிறு செட்டைக் கொண்டுபோய் இறக்கினேன். வெள்ளத்தாய் அம்மா, மைக்கில் வாசிக்கத் தன் கொழுந்தன் மகனை ஏற்பாடு செய்திருந்தது. நானோ பொன்மணியையும் வேனிலேயே கூட்டி வந்திருந்தேன். அவள் ஆம்ப்ளிபயர் பெட்டிக்குப் பக்கத்தில் கைகட்டி உட்கார்ந்திருந்தாள். ஊர்க்காரப் பெண்கள் பார்த்தும் பார்க்காத மாதிரி போனார்கள். அந்தப் பையன் தாளை வைத்துக்கொண்டு, பாதை முனையில் மாமன்மார் காத்திருக்க, முதல் பெயரிலேயே திக்கினான்.

அப்போது பாறை பேசியது.

"நான் கூமாப்பட்டி தோப்பு உரிமையாளர், முன்னாள் வார்டு..."

"வால வெட்டுங்க! வால வெட்டுங்க!"

பந்தலே திரும்பியது. சிரிப்புச் சத்தம் பாறையிலிருந்து வந்து, பந்தலுக்கும் தொற்றியது. அதன் மேல் சோலைராஜின் குரல்:

"நான் சோலைராஜ். பொன்மணி எம் பேரத்தான் மொதல்ல வாசிச்சா. நான் போட்ட வெடியில எனக்கே கேக்கல. பிசகு வெடியிலதான், அவகிட்ட இல்ல. எம் மக கல்யாணத்துக்கும் அவதான் மைக்கு."

விருந்துக்கு வந்து முன்வரிசையில் உட்கார்ந்திருந்த சோலைராஜ், எல்லோரும் தன்னைத் திரும்பிப் பார்க்க, எழுந்து நின்று பட்டம் வாங்கியவர் போல ஒரு கும்பிடு போட்டார்.

வெள்ளத்தாய் அம்மா பையன் கையிலிருந்து தாளை வாங்கிக்கொண்டு பெட்டிக்குப் பக்கத்தில் வந்தது. "ஏட்டி பொன்மணி, ஊருக்காரிகிட்டயே ரோசமா? எந்திரி. மாமன்மாரு வெயில்ல நிக்காவ."

பொன்மணி எழுந்தாள். வீட்டம்மாவிடம் தாளை ஒரு தரம் வாசித்துக் காட்டி, மூத்தவர் யார், இளையவர் யார் என்று கேட்டுக்கொண்டாள். அப்புறம் மைக்கை வாங்கிப் பாதை முனையைப் பார்த்தாள். அங்கே ஒரு ஆள் நீளமான சரவெடியைத் தரையில் விரித்துக்கொண்டிருந்தான்.

மலையில் முட்டித் திரும்புகிற மாதிரி அவள் குரல் எழுந்தது.

"வெடி போடுதவிய மொதல்ல போட்டு முடிங்க. பொறவுதான் பேரு வாசிப்பேன்!"